தலைவர் வரிசையில் நிற்கிறார்

நான் எழுதிய நூல் ஒன்றே ஒன்றுதான். அதை முதல் பக்கத்திலிருந்து கடைசிப் பக்கம்வரை படித்த வாசகரும் ஒருவர்தான்: ஆப்பிரிக்காவில் மலாவி என்ற நாட்டிலிருந்து வந்த வேளாண் அதிகாரி, ஒரு பெண்மணி. நூலின் தலைப்பு, 'மாங்காய் விவசாயிகள் குறைதீர்க் குழு: கூட்டப் பதிவேடு'. அவர் படித்தபோது அதில் இருபத்துமூன்று கூட்டங்கள் இருந்தன. அவற்றில் ஒன்றுகூட நடந்ததில்லை.

சித்தூரிலிருந்து வேலூர் போகிற சாலையில் ஒரு மாங்கூழ் ஃபேக்டரி. அங்கே எனக்குக் காகித வேலை. கோடை முடிகிற நேரத்தில் இரண்டு மாதம் தோத்தாபுரி மாங்காய் வந்து குவியும். அதைக் கூழாக்கிப் பீப்பாயில் அடைத்து ஐரோப்பாவுக்கும் அரபு நாடுகளுக்கும் அனுப்புவார்கள். மற்றவர்கள் கூழ் செய்வார்கள். நான் அது நல்ல கூழ் என்று எழுதிக் கொடுப்பேன். எனக்கு ஆங்கிலம் பேச வந்தால் மூச்சு வாங்கும், எழுத உட்கார்ந்தால் ஓடும். நான்கு முறை அரசுத் தேர்வு எழுதித் தோற்றவனுக்கு அந்த அளவுக்காவது வராமல் இருந்தால் தேர்வு நடத்தியவர்களுக்குத்தான் அவமானம்.

ஐரோப்பாவில் கூழ் வாங்குகிறவர்கள் ஒவ்வொரு வருடமும் ஒரு படிவம் அனுப்புவார்கள். கழிப்பறை இருக்கிறதா, கை கழுவச் சோப்பு இருக்கிறதா என்று கேள்விகள். ஒரு வருடம் அதில் புதிதாக ஒரு பக்கம் சேர்ந்திருந்தது. உங்களுக்குக் காய் கொடுக்கும் விவசாயிகள் தங்கள் குறைகளைச் சொல்ல ஒரு குழு இருக்கிறதா? அது எத்தனை முறை கூடியது?

மேனேஜர் அந்தப் பக்கத்தை என் மேஜையில் போட்டு, நம்மிடம் இது இருக்கிறதா என்று தெலுங்கில் கேட்டார்.

"ஏமய்யா, மன தக்கர இதி உந்தா?"

"லேது சார்."

"உண்டாலி" என்றார். இருக்க வேண்டும் என்று அர்த்தம். அன்றைக்கே உண்டானது.

குழுவுக்குத் தலைவராக என் அண்ணனைப் போட்டேன். தகுதி என்று பார்த்தால் அவன் கையெழுத்துச் சுலபமாகக் கிடைக்கும், அவ்வளவுதான். ஆந்திர-தமிழ்நாடு எல்லைப் பக்கத்துக் கிராமத்தில் எங்கள் வீடு. நைனா காலத்தில் அரசாங்கம் கொடுத்த நான்கு ஏக்கர் மேட்டுக் கொல்லை. அதற்கு முன்னால் எங்கள் வம்சத்தில் யாருக்கும் சொந்தமாக மண் கிடையாது, பூந்தொட்டியில்கூட. நான் படிக்கப் போனேன், அண்ணன் மாமரம் வைத்தான். ஒரு ஞாயிற்றுக்கிழமை சித்தூரில் பிரியாணி பொட்டலம் வாங்கிக்கொண்டு பஸ் ஏறினேன். அண்ணன் முன்னால் அறுபது வெள்ளைத் தாளை வைத்தேன்.

"இன்னாடா இது? கொல்லைய எழுதி வாங்கிக்கினு போவ வந்தியா?"

"அந்த மேட்ட எழுதி வாங்கி நான் இன்னாண்ணா பண்ணப் போறேன்? ஒன்ன தலைவராக்கறேன்."

"எதுக்கு?"

"மாங்கா வெவசாயிங்களுக்கு."

"அப்ப இனிமே லைன்ல நிக்காம உள்ள வுட்டுடுவானா?"

"அதெல்லாம் வராது. தலைவரு மட்டுந்தான்."

"நாசமாப் போன பதவி. லெக் பீஸ் எங்கடா?"

அண்ணி உள்ளிருந்து, "எழுதாத தாள்ல எவனாவது கையெழுத்துப் போடுவானா? இன்னான்னு கேட்டுட்டு போடு" என்றாள்.

"தம்பிதானே" என்றான் அண்ணன், எலும்பைக் கடித்துக்கொண்டே. அறுபது கையெழுத்தும் போட்டான். இருபதாவது தாளில் பிரியாணி எண்ணெய் பட்டுவிட்டது. அதையும் வீணாக்கவில்லை. அந்தக் கூட்டத்தில் உறுப்பினர்களுக்கு மதிய உணவு வழங்கப்பட்டது என்று எழுதிக்கொண்டேன்.

எழுத எழுத எனக்கு ருசி கண்டுவிட்டது. எல்லோரும் எல்லாவற்றையும் ஒப்புக்கொள்கிற கூட்டத்தை எவன் நம்புவான்? அதனால் சண்டைகளைச் சேர்த்தேன். பதினேழாவது கூட்டத்தில் டீ ஆறிப்போயிருந்தது என்று ஓர் உறுப்பினர் கண்டனம் தெரிவித்தார். தீர்மானங்களையும் நன்றாகவே எழுதினேன். வந்த டிராக்டரை ஆறு மணி நேரத்துக்குள் இறக்கி அனுப்ப வேண்டும். அன்றைய விலையைக் காலை எட்டு மணிக்குள் வாசல் பலகையில் எழுத வேண்டும். வரிசையில் நிற்கும்போது விலை இறங்கினால், நிற்கிறவர்களுக்குப் பழைய விலைதான். ஐம்பது கிலோ எடையுள்ள நான்கு கற்களுக்குச் சுண்ணாம்பு அடித்து வாசலில் வைக்க வேண்டும். தினமும் காலையில் விவசாயிகளே அவற்றைத் தராசில் ஏற்றிச் சரிபார்க்க வேண்டும். இதெல்லாம் எனக்கு எப்படித் தெரியும் என்றால், சிறுவயதிலிருந்து எங்கள் வீட்டில் காதில் விழுந்த புலம்பல்தான். புலம்பலை எடுத்துத் தீர்மானமாக்கினேன். ஃபேக்டரி வாசலில் கல்லும் இல்லை, பலகையும் இல்லை.

வாங்குகிறவர்கள் அனுப்பும் வெள்ளைக்காரத் தணிக்கையாளர் வருகிற நாளன்று டிராக்டர்களையெல்லாம் பின்னால் காய்ந்து கிடக்கிற ஏரிக்குள் அனுப்பிவிடுவோம். வாசலில் எட்டு வண்டி மட்டும், நிழலில். அவர் வந்து என் பதிவேட்டைப் பத்து நிமிடம் புரட்டி, முந்திரி இரண்டு வாயில் போட்டு, கட்டத்தில் டிக் அடித்துவிட்டுப் போவார். கலெக்டர் வந்தால் சாலையோரக் கல்லுக்குச் சுண்ணாம்பு அடிக்கிற வழக்கம் வெள்ளைக்காரன் காலத்திலிருந்து எங்கள் பக்கம் இருக்கிறது. நான் அதையே ஆங்கிலத்தில் செய்தேன். டிக் அடித்த அடுத்த வாரம் அவர்களிடமிருந்தே மெயில் வரும்: ஆப்பிரிக்காவில் கூழ் இன்னும் மலிவாகக் கிடைக்கிறது, நீங்களும் குறைக்க வேண்டும். ஃபேக்டரி குறைக்கும். ஃபேக்டரி குறைத்ததை வாசலில் நிற்கிற அண்ணன் தலையில் இறக்கும். ஆப்பிரிக்கா என்பது எங்களுக்கு அப்போது பூச்சாண்டி மாதிரி. பார்த்ததில்லை, பயம் மட்டும் உண்டு.

அந்தப் பூச்சாண்டி ஒரு நாள் திருப்பதியிலிருந்து வேனில் வந்து இறங்கியது.

திருப்பதியில் ஒரு பயிற்சி நிறுவனம். நம்மைப் போலவே ஒரு காலத்தில் இன்னொருவன் கொடியின் கீழ் இருந்த நாடுகளின் அதிகாரிகளுக்கு உள்ளூர் நிர்வாகம் பற்றி நான்கு வாரப் பயிற்சி. பதினைந்து பேர் எங்கள் ஃபேக்டரியைப் பார்க்க வருகிறார்கள் என்று தகவல் வந்தது. மேனேஜரிடம் சொன்னேன்.

"வெள்ளக்காரங்களா?"

"இல்ல சார். ஆப்பிரிக்கா, ஆசியா."

"அப்ப டிராக்டர ஏரிக்கு அனுப்ப வேணாம். முந்திரியும் வேணாம், பிஸ்கட் போதும்."

நான் சிரித்தேன். நகைச்சுவை என்று நினைத்தே சிரித்தேன். இன்றைக்கு யோசித்தால், மற்ற எல்லாவற்றையும்விட அந்தச் சிரிப்புத்தான் முதலில் நெஞ்சில் குத்துகிறது.

வேன் பின்வாசல் வழியாக வந்ததால், கல் இல்லாத முன்வாசலும் டிராக்டர் வரிசையும் யார் கண்ணிலும் படவில்லை. மற்ற பதினான்கு பேரும் பீப்பாய்களுக்கு முன்னால் நின்று போட்டோ எடுத்துக்கொண்டிருந்தார்கள். அந்த மலாவி அம்மா மட்டும் என் மேஜையில் கிடந்த பதிவேட்டைப் பார்த்துவிட்டு, "படிக்கலாமா?" என்று கேட்டு உட்கார்ந்தார். நாற்பத்தைந்து வயதிருக்கும். கழுத்தில் கயிற்றில் தொங்குகிற மூக்குக்கண்ணாடி. பாவாடைமேல் பூப்போட்ட துணி ஒன்றைச் சுற்றியிருந்தார். ஒன்றரை மணி நேரம் அவர் தலை நிமிரவில்லை. பதினேழாவது கூட்டம் வந்ததும் சத்தமாகச் சிரித்தார். "எங்கள் ஊரிலும் முதல் புகார் தேநீரைப் பற்றித்தான் வரும்."

என் நிலைமையைக் கொஞ்சம் யோசித்துப் பாருங்கள். இரண்டு வருடமாக எழுதுகிறேன், ஒருவரும் படித்ததில்லை. இதோ சரியான இடத்தில் சிரிக்கிற ஒரு வாசகர். இதெல்லாம் பொய் என்று எந்த எழுத்தாளன் அந்த நேரத்தில் வாய் திறப்பான்?

படித்து முடித்ததும் தன் பையிலிருந்து ஒரு காகிதத்தை எடுத்து என் முன் வைத்தார். அதே படிவம். அதே கட்டங்கள். ஏழாம் பக்கம் இரண்டு முறை அச்சாகியிருந்த தவறுகூட அதே தவறு. அவர் மாவட்டத்தில் ஒரு கம்பெனி கூழ் ஃபேக்டரி வைக்க வருகிறதாம். கூழ் போகப் போவது எங்களிடம் வாங்குகிற அதே ஆட்களிடம். அங்கே மா வளர்க்கும் நானூறு குடும்பங்கள் ஒப்பந்தத்தில் கையெழுத்துப் போட வேண்டும். அவர்கள் பக்கம் உட்கார்ந்து பேசப் போகிறவர் இந்த அம்மாதான்.

"சித்தூரில் இதைவிட மலிவு என்று எங்களிடம் சொல்கிறார்கள்" என்றார்.

"ஆப்பிரிக்காவில் மலிவு என்று எங்களிடம் சொல்கிறார்கள்" என்றேன்.

இரண்டு பேரும் விழுந்து விழுந்து சிரித்தோம். அவர்தான் முதலில் நிறுத்தினார்.

"நாம் ஒருவரையொருவர் பார்த்ததே இல்லை. அவர்களுக்கு அதுதான் வசதி. இனிமேல் உங்கள் ஊரில் உண்மையில் என்ன நடக்கிறது என்று நீங்கள் எனக்குச் சொல்லுங்கள். எங்கள் ஊரில் நடப்பதை நான் சொல்கிறேன். இரண்டு ஊரும் ஒரே மாதிரிக் கேட்டால் அவர்கள் எங்கே போவார்கள்?"

நல்ல யோசனை என்று தலையாட்டினேன். அவர் எழுந்து, "உங்கள் தலைவரைப் பார்க்க வேண்டும்" என்றார்.

தலைவர் வரிசையில் நின்றுகொண்டிருந்தார். மூன்றாவது நாள். வாசலிலிருந்து பெட்ரோல் பங்க்வரை டிராக்டர். அண்ணன் தன் டிரெய்லருக்கு அடியில், முகத்தில் துண்டைப் போட்டுப் படுத்திருந்தான்.

"எந்திரிண்ணா. தலைவரக் கூப்புடறாங்க."

"எந்தத் தலைவரு?"

"நீதான்."

"நானா? அது இன்னுமா கீது?" லுங்கியை இறக்கிவிட்டுக்கொண்டு வந்தான்.

அவன் உள்ளே நுழைந்ததும் அந்த அம்மா எழுந்து நின்றார். அந்த ஃபேக்டரியில் அண்ணனுக்காக எழுந்து நின்றவர் அதுவரை யாருமில்லை, நான் உட்பட. அண்ணன் தனக்குப் பின்னால் யாரோ வருகிறார்கள் என்று திரும்பிப் பார்த்தான். அவர் கேட்டதை நான் தமிழில் சொன்னேன். அதுவரை ஒழுங்காகத்தான் சொன்னேன்.

"ஃபேக்டரிக்காரங்க சொன்ன பேச்ச கேக்கலன்னா நீங்க இன்னா பண்ணுவீங்கன்னு கேக்கறாங்கண்ணா."

அண்ணன் அவரைப் பார்த்தே கொட்டினான்.

"இன்னாத்தம்மா பண்றது? மூணு நாளா லைன்ல கீறேன். அடில கீற காய் அழுவி தண்ணி வுடுது. திருப்பி எடுத்துக்கினு போனா டீசல் யாரு போடுவா? கொட்டிட்டுப் போவலாம்னா மனசு வரல. தண்ணி ஊத்தி வளத்தது. உள்ள போனா, அழுவிப் போச்சுன்னு பாதி எடைய கழிக்கறான். அழுவ வெச்சவனே அவந்தான். யார்கிட்ட போயி சொல்றது? கேக்கறதுக்கு ஆளே இல்லம்மா."

மேனேஜர் கதவருகே நின்றிருந்தார். அவர் நிற்காவிட்டாலும் நான் அதையேதான் செய்திருப்பேன் என்று இப்போது தோன்றுகிறது. இருபத்துமூன்று கூட்டம் எழுதியவன் இருபத்துநான்காவதை விடுவானா? ஆங்கிலத்தில் சொன்னேன்: "மூன்று நாள் ஆனாலும் உட்கார்ந்து பேசுவோம் என்கிறார் தலைவர். பேசித் தீராத பிரச்சினை இதுவரை வந்ததில்லையாம்."

அண்ணன் பேசியதில் மூன்று நாள் மட்டும்தான் என் மொழிபெயர்ப்பில் உயிர் பிழைத்தது.

அந்த அம்மா ஒவ்வொரு சொல்லாக எழுதிக்கொண்டார். எழுதி முடித்து, அண்ணனின் கையை இரண்டு கைகளாலும் பிடித்தார். "கைல மாங்காப் பால்மா, அரிக்கும்" என்று அவன் இழுத்துக்கொள்ளப் பார்த்தான், அவர் விடவில்லை.

வெளியே வந்ததும் அண்ணன் கேட்டான். "அந்தம்மா இன்னாடா எழுதிக்கிச்சு?"

"நீ சொன்னதத்தான்."

"எல்லாத்தையுமா?"

"எல்லாத்தையும்."

"பரவால்ல. அவ்ளோ தூரத்துலேர்ந்து வந்து நம்ம கஷ்டத்த எழுதிக்கினு போவுது பாரு." சொல்லிவிட்டு மறுபடி டிரெய்லருக்கு அடியில் போய்ப் படுத்தான். மறுநாள்தான் அவனை உள்ளே விட்டார்கள்.

பயிற்சியின் கடைசி நாளன்று திருப்பதிக்கு என்னைப் பேசக் கூப்பிட்டார்கள். அரை மணி நேரம், 'விவசாயியின் குரல்' என்று தலைப்பு. விவசாயியைக் கூப்பிடவில்லை. நான் போய்க் குரல் கொடுத்தேன். சால்வை போர்த்தினார்கள். பேச்சு முடிந்து அங்கிருந்த கேண்டீனில் அந்த அம்மாவும் நானும் காபி குடித்தோம். ஜன்னலில் மலை தெரிந்தது. அவர் திடீரென்று கேட்டார்.

"உங்கள் பதிவேட்டில் அழகுக்காகச் சேர்த்த வரி ஏதாவது உண்டா? இருந்தால் சொல்லுங்கள், தப்பாக நினைக்க மாட்டேன். எங்கள் ஆட்கள் இதை நம்பித்தான் மேஜைக்கு வருவார்கள்."

எதிரில் யாருமில்லை. மேனேஜர் எழுபது கிலோமீட்டருக்கு அந்தப் பக்கம். அந்த ஒரு நிமிடத்தைப் போல வசதியான நிமிடம் எனக்கு அதற்குப் பிறகு வாய்க்கவில்லை.

"ஒன்று உண்டு" என்றேன். "பதினேழாவது கூட்டத்தில் டீ ஆறவில்லை. சூடாகத்தான் இருந்தது."

அவர் கண்ணில் நீர் வரச் சிரித்தார். நானும். இரண்டு லட்டு கொடுத்தேன். அவர் பையிலிருந்து ஒரு மடித்த துணி எடுத்துக் கொடுத்தார், நீலத்தில் மஞ்சள் மீன்கள் போட்டது. அவர்கள் ஊர் ஏரியில் அந்த மீன்கள் உண்டாம். "தலைவருக்கு" என்றார். அண்ணி அதைத் தனக்கென்று எடுத்து வைத்தாள். அண்ணன் ஒரே வாரத்தில் தலைக்கு முண்டாசாகக் கட்டிக்கொண்டான்.

அதற்குப் பிறகு மூன்று வருடம் எங்களுக்குள் மெயில் போய்க்கொண்டும் வந்துகொண்டும் இருந்தது. அங்கே கம்பெனி வருவது தள்ளித் தள்ளிப் போனது. அவர் தன் ஊரில் நடப்பதையெல்லாம் ஒளிவில்லாமல் எழுதினார். தரகன் தராசில் என்ன செய்கிறான், எந்த அதிகாரி யார் வீட்டில் சாப்பிடுகிறான், தான் எங்கே பயந்து பின்வாங்கினார் என்பது உட்பட. நான் புதிய கூட்டங்களை அனுப்பினேன். ஒரு முறை ஒரு போட்டோ அனுப்பியிருந்தார். அவர்கள் சந்தை வாசலில் சுண்ணாம்பு அடித்த நான்கு கற்கள். பக்கத்தில் ஒரு கிழவர் பெருமையாக நிற்கிறார். "சித்தூர்க் கற்கள் என்றே இதற்குப் பெயர் வைத்துவிட்டார்கள். சந்தைத் தராசு இப்போது பொய் சொல்வதில்லை" என்று எழுதியிருந்தார். நான் அந்த போட்டோவை நிறைய நேரம் பார்த்துக்கொண்டிருந்தேன். பிறகு, எங்கள் குழுவின் வாழ்த்துகளைத் தெரிவித்துப் பதில் போட்டேன்.

போன கோடையில் காய் அளவுக்கு மீறிக் காய்த்தது. ஐரோப்பாவில் வாங்குகிறவர்கள் பழைய கூழே இருக்கிறது, பிறகு பார்க்கலாம் என்றார்கள். ஃபேக்டரி வாசலை மூடியது. அண்ணன் ஐந்தாவது நாள் டிராக்டரைத் திருப்பி, பைபாஸ் ஓரத்தில் முழு லோடையும் கொட்டினான். அவனோடு இன்னும் பலர். வருகிற போகிற கார்க்காரர்கள் இறங்கி போட்டோ எடுத்தார்கள். நான் அப்போது மேஜையில் உட்கார்ந்து அந்த மாதக் கூட்டத்தை எழுதிக்கொண்டிருந்தேன். வாங்குகிறவர்கள் கூழ்தான் வேண்டாம் என்றார்களே தவிர, படிவம் வேண்டாம் என்று சொல்லவில்லை.

பொங்கல் கழிந்த வாரம் அந்த அம்மாவின் மெயில் வந்தது. எப்போதும் நலம் விசாரித்துத் தொடங்குவார். இதில் அது இல்லை.

கம்பெனியோடு பேச்சுவார்த்தை நடந்திருக்கிறது. நானூறு குடும்பங்களின் சார்பில் இருபது பேர் அவர் பின்னால் உட்கார்ந்திருக்கிறார்கள். ஆறு மணி நேரம், விலைப் பலகை, நான்கு கற்கள் என்று அவர் கேட்டிருக்கிறார். உலகத்தில் எங்கும் இப்படி இல்லையே என்றிருக்கிறான் கம்பெனிக்காரன். சித்தூரில் இருக்கிறது என்று சொல்லி, இவர் என் பதிவேட்டின் நகலை எடுத்து வைத்திருக்கிறார். கம்பெனிக்காரன் தன் கணினியைத் திருப்பிக் காட்டியிருக்கிறான். சாலையோரம் மலை மாதிரி மாங்காய். பக்கத்தில் ஒரு ஆள் குத்துக்காலிட்டு உட்கார்ந்திருக்கிறான்.

"இது வேறு எந்த ஊராகவும் இருக்கலாம் என்று சொல்ல வாயெடுத்தேன்" என்று எழுதியிருந்தார். "அப்போதுதான் படத்தில் இருந்தவர் தலையில் கட்டியிருந்த நீலத் துணியைப் பார்த்தேன். அதை எங்கள் வீட்டுப் பக்கத்துக் கடையில் நான்தான் வாங்கினேன். பதிவேட்டின் நகலை எடுத்துப் பைக்குள் வைத்தேன். என் ஆட்கள் என் முகத்தைப் பார்த்தார்கள். மறுநாள் கம்பெனி நீட்டியதில் அப்படியே கையெழுத்துப் போட்டுவிட்டார்கள். ஐந்து வருட ஒப்பந்தம். கற்கள் கிடையாது. எனக்கு உங்கள்மேல் கோபம் இல்லை, கோபப்படவும் அலுப்பாக இருக்கிறது. ஒன்றே ஒன்று தெரிய வேண்டும். அன்றைக்கு உங்கள் தலைவர் உண்மையில் என்ன சொன்னார்? அந்தப் பக்கம் என் நோட்டில் இன்னும் இருக்கிறது."

இதற்கு ஒரு வேடிக்கைப் பதில் எழுத மூன்று நாள் முயன்றேன். வெட்கத்தோடுதான் சொல்கிறேன், மூன்று நாள். வரவில்லை. நான்காவது நாள் பஸ் ஏறிக் கிராமத்துக்குப் போனேன். பிரியாணி வாங்கவில்லை.

அண்ணன் மரத்துக்கு அடியில் பாத்தி வெட்டிக்கொண்டிருந்தான். மெயிலைத் தமிழில் படித்துச் சொன்னேன். இந்த முறை ஒரு சொல்லும் விடவில்லை. அண்ணியும் வந்து நின்றாள். முடிந்ததும் அண்ணன் மண்வெட்டியைக் கீழே போட்டான்.

"அப்ப அன்னிக்கு நான் சொன்னத நீ சொல்லவே இல்லியா?"

"இல்லண்ணா" என்றேன்.

"வருஷா வருஷம் லைன்ல படுத்துக்கினு நெனப்பேன்டா. இங்க ஒருத்தனும் கேக்கல, எங்கியோ ஒரு ஊர்ல ஒரு அம்மா நோட்லயாவது நம்ம கஷ்டம் கீதுன்னு. லைன்ல கீற எல்லார்கிட்டயும் சொல்லி வெச்சிருக்கேன்."

"கையெழுத்துப் போடறப்பவே சொன்னேன்" என்றாள் அண்ணி. "தம்பிதானேன்னு சொல்லிக்கினே துன்ன."

நான் கைபேசியில் அந்தக் கற்களின் போட்டோவைக் காட்டினேன். ஏன் காட்டினேன் என்று தெரியவில்லை. ஏதாவது ஒன்று நல்லதாக இருக்கட்டுமே என்று நினைத்திருப்பேன். அண்ணன் கண்ணைச் சுருக்கிப் பார்த்தான்.

"இன்னா கல்லு?"

"தராசு சரியா கீதான்னு பாக்கறதுக்கு. காலைல காலைல வெவசாயிங்களே தூக்கி வெச்சுப் பாப்பாங்க."

"நல்லா கீதே. யாரு சொன்ன யோசன?"

"நான் எழுதினதுதாண்ணா. ஒன் கூட்டத்துல."

அவன் போட்டோவையும் என்னையும் மாறி மாறிப் பார்த்தான். "அங்க வெக்கத் தெரிஞ்சுது. இங்க ஏன்டா வெக்கல? நாலு கல்லுதானே?"

 கல் எங்கள் கொல்லையிலேயே கிடக்கிறது. சுண்ணாம்பு ஃபேக்டரியில் இருக்கிறது.

அண்ணன் வரப்பில் உட்கார்ந்தான். "எழுது. சொல்றேன். சிரிப்பு கிரிப்பு சேத்த, பேத்துடுவேன்."

சொன்னான். அன்றைக்குச் சொன்னது அத்தனையும் அவனுக்கு நினைவிருந்தது. எனக்கும் இருந்தது, அதுதான் கேவலம். நான் வரிக்கு வரி ஆங்கிலத்தில் எழுதினேன். காய் அழுகித் தண்ணீர் விடுவதற்கு என் ஆங்கிலத்தில் சரியான சொல் அகப்படவில்லை. அழகாக எழுதத் தெரிந்தவனுக்கு, இருக்கிறதை எழுத உட்கார்ந்ததும் கை திக்கியது. முடித்துவிட்டு, அனுப்பட்டுமா என்றேன்.

"இரு. படிச்சுக் காட்டு."

தமிழில் படித்துக் காட்டினேன். அவன் ஒரு இடத்தில் நிறுத்தினான். "மூணு நாள் மட்டும் போடாத. அந்தம்மா வந்துட்டுப் போன மறுநாள் மத்தியானம்தான் உள்ள வுட்டான். அத்தயும் சேரு."

சேர்த்தேன்.

"இன்னொண்ணு கேளு. கையெழுத்துப் போட்டுட்டாங்களே, அந்த ஊர்ல இப்ப எத்தன நாளு நிக்க வெக்கறான்னு கேளு. கேட்டு எனக்குச் சொல்லு. லைன்ல சொல்லணும்."

மூன்று வருடத்துக்கு முன்னால் என் மேஜைக்கு எதிரில் உட்கார்ந்து அந்த அம்மா கேட்டதும் இதைத்தான். கடிதத்தின் கடைசி வரியாக அதை எழுதி அனுப்பினேன். பதில் வரவில்லை. இந்த வருடப் படிவம் வந்துவிட்டது. குழு எத்தனை முறை கூடியது என்ற கட்டத்தைக் காட்டி, "பன்னெண்டு வேசெய்", பன்னிரண்டு என்று போட்டுவிடு, என்று சொல்லிவிட்டு மேனேஜர் சாப்பிடப் போயிருக்கிறார். அண்ணன் தினமும் சாயங்காலம் போன் பண்ணுகிறான். நலம் விசாரிப்பதில்லை.

"அந்தம்மா எழுதிச்சா?"

"இன்னும் இல்லண்ணா."

"பாரு" என்று சொல்லி வைத்துவிடுகிறான்.